ரசீது பதியாத நிலம்

சங்ககிரிப் பக்கம் காடு ஒன்றை விலைபேசினால் முதலில் கேட்பது வில்லங்கச் சான்று. அதில் பழைய வரி ஒன்று அடிக்கடி காலை இடறும்: கிணறு வெட்டவோ மோட்டார் வைக்கவோ நிலவள வங்கிக்கு எழுதிக் கொடுத்த அடமானம். தாத்தா கடனை எப்போதோ கட்டி முடித்திருப்பார். கட்டியதற்கான ரசீது ஆவணத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய யாருக்கும் தோன்றியிருக்காது. பேரன் நிலத்தை விற்கப் போகும்போதுதான் அது தெரியவரும். அந்த வங்கி இன்று எந்தப் பெயரில் இருக்கிறது, பழைய பேரேடு யாரிடம் இருக்கிறது என்று அலைய வேண்டும். பணம் தீர்ந்தும் வில்லங்கம் தீராத நிலம் இது.

இப்போது நிலத்தின் மேல் ஏறுவது பெரும்பாலும் தொழில் கடன். லாரியை நம்பி வாழும் ஊர் சங்ககிரி. வண்டி வாங்க, பட்டறை போட, மூலப் பத்திரம் வங்கிக்குப் போகிறது. 1882-ஆம் ஆண்டுச் சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 58-ஆம் பிரிவுப்படி, சென்னையிலோ அரசு அறிவித்த வேறு நகரத்திலோ, கடனுக்கு ஈடாகப் பத்திரத்தை ஒப்படைத்தாலே அது அடமானம்தான். எழுத்தே தேவையில்லை. வங்கிகள் இன்று அதற்கொரு குறிப்பாணை எழுதி 'எம்.ஓ.டி.' என்று பதிந்துவிடுவதால் அது வில்லங்கச் சான்றில் தெரிகிறது. தனியாரிடம் கைமாறிய பத்திரம் எங்கே தெரியும்? "ஒரிஜினல் தொலைஞ்சு போச்சுங்க, நகல் இருக்குது" என்று விற்பவர் சொன்னால், பேச்சை அங்கேயே நிறுத்திவிட்டு விசாரிப்பதுதான் நல்லது.

இலங்கையின் யாழ்ப்பாணத்தில் பத்திரத்தை ஒப்படைத்து அடமானம் வைக்கும் இந்த வழியே இல்லை. 1840-ஆம் ஆண்டின் 7-ஆம் இலக்க மோசடித் தடுப்புக் கட்டளைச் சட்டப்படி, காணியை விற்பதானாலும் ஈடு வைப்பதானாலும் நொத்தாரிசு முன்னிலையில், இரண்டு சாட்சிகளோடு உறுதி (நம் ஊரில் பத்திரம்) எழுத வேண்டும். உறுதியை வெறுமனே கையில் கொடுத்துப் பணம் வாங்கினால் காணியின் மேல் ஈடு உண்டாகாது. உறுதி முடிக்கும் முன் காணிப் பதிவகத்தில் ஏடுகளைத் தேடிப் பார்ப்பதும் நொத்தாரிசின் தொழில் கடமை. நம் ஊரில் பத்திரம் எழுதுபவருக்கு அந்தச் சுமை கிடையாது. சார்பதிவாளருக்கும் இல்லை: தமிழ்நாட்டுப் பதிவு விதி 55ஏ(1)-ஐ 2025 ஏப்ரலில் ரத்து செய்த உச்ச நீதிமன்றம், விற்பவருக்கு உரிமை உண்டா என்று ஆராய்வது பதிவுச் சட்டப்படி அவர் வேலையல்ல என்றது. மிச்சமிருப்பவர் வாங்குபவர் ஒருவரே. வாழ்நாளில் ஒருமுறை நிலம் வாங்குகிறவர் தலையில் இத்தனையும் விழுவது எனக்கு நியாயமாகப் படவில்லை.

ஆனாலும் அவர் கையில் ஓர் உரிமை இருக்கிறது, பலருக்குத் தெரியாது. சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 55-ஆம் பிரிவு, கிரயத் தொகையில் அடமானப் பாக்கியைப் பிடித்துக்கொண்டு கடன் கொடுத்தவரிடமே கட்ட வாங்குபவருக்கு இடம் தருகிறது. இங்கே நடப்பதோ வேறு: விற்பவர் அட்வான்ஸ் வாங்குகிறார், அதில் கடனை அடைத்துப் பத்திரத்தை மீட்டு வருவதாகச் சொல்கிறார். அந்தப் பணம் வேறு கடனுக்குப் போய்விட்டால் வாங்குபவர் நடுத்தெருவில். அதைவிட, வங்கியிடம் பாக்கித் தொகைக்குக் கடிதம் வாங்கி, வங்கி பெயரிலேயே டிடி எடுத்து, ரசீதை முதலிலும் கிரயத்தை அடுத்தும் ஒரே நாளில் பதிய வேண்டும். தனிநபர் கடனாக இருந்தால், அது முழுதும் தீர்ந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரத்தைத் திருப்பித் தரவேண்டும், வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு என்பது 2023 டிசம்பர் 1 முதல் ரிசர்வ் வங்கி விதி.

இலங்கையில் வாங்குபவர் பயப்பட வேண்டிய இடம் வேறு. அங்கே 1927-ஆம் ஆண்டுப் பதிவுக் கட்டளைச் சட்டப்படி, மோசடி இல்லாதவரை, முதலில் பதிந்த உறுதிக்கே முன்னுரிமை. நேற்று கையெழுத்தான உறுதி பதிவகம் போகாமல் கிடந்து, அதே ஆள் இன்னொருவருக்கு எழுதியது முந்திப் பதிவானால், முதலில் வாங்கியவர் தோற்பார். இந்தியாவில் பதிவுச் சட்டத்தின் 47-ஆம் பிரிவு, பதிந்த பத்திரத்துக்கு எழுதிய நாளிலிருந்தே உயிர் கொடுக்கிறது.

கிரயம் பதிந்தபின் சங்ககிரிக்காரருக்குப் பட்டா மாற்ற இன்னோர் அலுவலகம் பாக்கி. 1792-இல் கும்பெனிக்கு வந்த இந்தச் சேலம் சீமையில்தான் கலெக்டர் அலெக்சாண்டர் ரீடும் அவருடைய உதவியாளர் தாமஸ் மன்றோவும், குடியானவரிடமே நேராக வரி வாங்கும் ரயத்துவாரிக்கு அடித்தளம் போட்டார்கள்; குடியானவர் பெயரில் பட்டா என்பது அதிலிருந்து வளர்ந்தது. சர்வே எண்ணை முழுதாக வாங்கி, விற்பவர் பெயரிலேயே பட்டாவும் இருந்தால், இன்று பதிவோடு பட்டா தானாக மாறுகிறது. உட்பிரிவு வந்தால் சர்வேயர் அளந்தாக வேண்டும். இதைத் தள்ளிப்போடாதீர்கள். பட்டாவில் பழைய பெயர் நின்றால் பயிர்க்கடனுக்கு முட்டுக்கட்டை. சாலைக்கு நிலம் எடுக்கும்போது நோட்டீசும் விற்றவர் வீட்டுக்கே போகும்.