அட்டையில் 65, வயலில் எத்தனை?

வெண்டை விதைக்கு அரசு வகுத்த குறைந்தபட்ச முளைப்புத்திறன் 65 சதவீதம். நெல்லுக்கு 80, நிலக்கடலைக்கு 70. விதைப் பையின் அட்டையில் இந்த எண்ணைப் பார்த்துவிட்டுத்தான் கடையில் பணத்தை எடுக்கிறோம். இதை நம்பி விளைச்சலைக் கணக்குப் போடலாமா?

ஓரளவு போடலாம். குழிக்கு ஒரு வெண்டை விதை ஊன்றினால் 1000 குழியில் 350 வெறுங்குழியாகும். இரண்டு ஊன்றினால் இரண்டுமே பொய்க்க வேண்டும், 0.35ஐ 0.35ஆல் பெருக்க, வெறுங்குழி 122 அல்லது 123. மூன்று ஊன்றினால் சுமார் 43தான். குழிக்கு மூன்று விதை போட்டு, முளைத்தபின் நலிந்ததைப் பிடுங்கிவிடும் வழக்கத்துக்குள் இந்தப் பெருக்கல்தான் இருக்கிறது. பாடுவாசி, அதாவது வெறுங்குழிகளை, நிரப்ப எத்தனை நாற்று கையில் வேண்டும் என்பதையும் விதைக்கும் முன்பே சொல்லிவிடும் கணக்கு இது. சதவீதத்தின் பலம் இங்கேதான்.

ஆனால் அந்தப் பெருக்கல் ஒன்றை ஓசையில்லாமல் அனுமானித்துக்கொள்கிறது: ஒரு விதையின் தலைவிதிக்கும் பக்கத்து விதையின் தலைவிதிக்கும் தொடர்பில்லை என்று. வயலில் தொடர்பு உண்டு. தண்ணீர் தேங்கிய குழியில் மூன்றும் சேர்ந்தே அழுகும். எறும்பு வந்தால் மூன்றையும் இழுத்துப்போகும். அதனால் 43 என்று கணக்கு சொன்ன இடத்தில் 100 வெறுங்குழி நின்றால் விதையை மட்டும் குறை சொல்ல முடியாது. இந்தக் குறையை நான் பெரிதாகவே நினைக்கிறேன். சதவீதம் சொல்லித்தரும் யாரும் இதைச் சொல்வதில்லை.

அடுத்தது, எண்ணிப் பார்த்த விதைகளின் எண்ணிக்கை. பரிசோதனை நிலையத்தில் நூறு நூறாக 400 விதைகளை முளைக்க வைத்து, சீரான நாற்றுகளை மட்டும் எண்ணுகிறார்கள். வீட்டில் ஈரச்சாக்கில் பத்து விதையைச் சுருட்டி வைத்துப் பார்ப்பவர் கதை வேறு. உண்மையான திறன் 65 சதவீதமாகவே இருந்தாலும், பத்தில் ஐந்தோ அதற்குக் குறைவாகவோ முளைக்க ஏறக்குறைய நான்கில் ஒரு பங்கு வாய்ப்பு இருக்கிறது. அதை வைத்துக் கடைக்காரரிடம் சண்டைக்குப் போவது நியாயமாகாது. அதே பாதியளவு 400 விதையில் வந்தால் தாராளமாகப் போகலாம்.

இன்னொன்று, சோதனை சொல்வது அன்றைய நிலையை. சான்று விதையின் செல்லுபடிக் காலம் சோதனை நாளிலிருந்து 9 மாதம். அதற்குள் தகரக் கொட்டகை வெயிலில் கிடந்த மூட்டைக்கும் குளிர்ந்த கிடங்கில் இருந்த மூட்டைக்கும் அட்டை ஒன்றுதான்.

அட்டையில் உள்ளது கீழ்வரம்பு மட்டுமே என்பதும் இடிக்கிறது. உள்ளே இருப்பது 85 சதவீத விதையானால் குழிக்கு மூன்று போடுவது விலையுயர்ந்த விதையை வீணாக்குவது. சோதனையில் கிடைத்த உண்மையான எண்ணையே அச்சிடலாமே! அதுவரை, விதைப்புக்குப் பத்து நாள் முன்னால் உங்கள் வயல் மண்ணிலேயே, உங்கள் கிணற்றுத் தண்ணீரிலேயே நூறு விதையைப் போட்டு எண்ணிப் பாருங்கள். பத்து போதாது.