ஓதுவோரும் ஆய்வோரும்: கிழக்குக் கரைத் தரீக்காக்கள்

இலங்கையின் கிழக்குக் கரையில், மருதமுனையிலிருந்து கல்முனையைத் தாண்டித் தெற்கே போனால் கல்முனைக்குடிக் கடற்கரைப் பள்ளி வரும். நாகூர் ஷாஹுல் ஹமீது வலியுல்லாஹ்வின் நினைவாக, ஜமாதுல் ஆகிர் பிறையோடு அங்கு ஆண்டுதோறும் கொடியேறுகிறது. பதினாறாம் நூற்றாண்டில் வாழ்ந்த அந்தப் பெரியார் அடங்கியிருப்பது நாகூரில். கல்முனைக்குடியில் இருப்பது நினைவிடம் மட்டுமே. சிங்கப்பூரின் தெலுக் ஆயர் வீதியில் 1828 முதல் 1830 வரையான காலத்தில் எழுந்த நாகூர் தர்காவும் பினாங்கில் உள்ளதும் இப்படிப்பட்டவைதாம். அடக்கத்தலம் இல்லாத ஊரில் ஒரு பெரியாரை நிலைநிறுத்துவது கொடியும் கந்தூரி விருந்தும் மௌலூது என்ற புகழ்ப்பாடல் ஓதலும்தான். அதிலும் ஓதலுக்கே முதலிடம் தருவேன்.

மறைந்தவர்களின் குரலைக் கேட்டு, அதை இன்றைய சபைக்கு ஏற்ப அமைத்துத் தரும் கூட்டத்தார் என்று, சூஃபி நெறிகளான தரீக்காக்களைச் சேர்ந்தவர்களைச் சொல்லலாம். காதிரிய்யா தரீக்காவுக்கு 1166இல் பக்தாதில் மறைந்த அப்துல் காதிர் ஜீலானி முதல்வர். றிபாயிய்யாவுக்கு 1182இல் மறைந்த அஹ்மத் அர்-றிபாயி. ஸில்ஸிலா என்ற குருவழிச் சங்கிலியில் குருவுக்குக் குரு என்று பெயர்கள் நபிகள் நாயகம் வரை போகும். ஒரு கலீபா மறைந்து அடுத்தவர் பொறுப்பேற்றால் அந்தச் சங்கிலியில் ஒரு கண்ணி கூடும். பழைய பெயர்களில் எதுவும் கழியாது.

குத்பிய்யாவை எடுத்துக்கொள்வோம். காயல்பட்டினத்தில் பிறந்த ஸதக்கத்துல்லாஹ் அப்பா (1632–1703) ஜீலானியின் மீது பாடிய அறபுக் கவிதை அது. தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் மஜ்லிஸ்களில் ஓதப்படுகிறது. ஓதல் ஒரு கட்டத்துக்கு வந்ததும் விளக்கைத் தணித்து, ஷெய்கின் பெயரை ஆயிரம் முறை அழைப்பது வழக்கம். ஐந்து நூற்றாண்டுக்கு முன் மறைந்தவரைத் தமிழ்க் கரையில் இருந்த ஓர் ஆலிம் தம் சபைக்கு அழைக்க வழிசெய்தார். அந்த அழைப்பு அவருக்குப் பின் மூன்று நூற்றாண்டு கடந்தும் நடக்கிறது. இந்தத் துறையில் இதைவிடக் கூர்ந்து பார்க்க வேண்டிய பொருள் எனக்குத் தெரியவில்லை.

ஆய்வாளர்கள் என்ன செய்திருக்கிறார்கள்? எம். எம். உவைஸ் 1950களில் முஸ்லிம்களின் தமிழ் இலக்கியத்தைப் பல்கலைக்கழக ஆய்வுக்குரிய பொருளாக்கினார். பின்வந்தவர்கள் எல்லோரும் அவருக்குக் கடன்பட்டவர்கள். ஆனால் அவர் கண்டது ஏட்டில் இருந்த இலக்கியம். தமிழகத்தையும் இலங்கையையும் சேர்த்துக் காதிரிய்யாவை ஆராய்ந்த சூசன் ஷோம்பர்க்கின் ஹார்வர்ட் ஆய்வேடு 2003இல் வந்தது. பலாங்கொடைக்கு அருகிலுள்ள தப்தர் ஜெய்லானியைப் பற்றி எம். எல். எம். அபூசாலி தனிநூல் எழுதினார். ஜீலானி தவமிருந்ததாக நம்பப்படும் அந்த மலைக்குக் கிழக்குக் கரையிலிருந்தும் ஆட்கள் போகிறார்கள்.

நம் கரையை நெருங்கிப் பார்த்தவர் டெனிஸ் மக்கில்வ்ரே. 1969 முதல் அக்கரைப்பற்றில் தங்கி, குடிமுறையையும் பள்ளிவாசல் மரைக்காயர் பொறுப்பையும் றிபாய் பாவாமாரின் கூட்டு ஓதலான றாத்தீபையும் எழுதினார். அவருடைய பெருநூல் 2008இல் வெளிவந்தது. றபான் முழங்க, கலீபாவின் அனுமதி பெற்றுப் பாவாக்கள் ஊசியும் கத்தியும் எடுக்கும் காட்சியைப் பலர் எழுதியிருக்கிறார்கள். வெட்டும் குத்தும் கண்ணை இழுத்துவிடுகின்றன; அப்போது என்ன ஓதப்படுகிறது என்பது அவ்வளவாக எழுத்தில் ஏறவில்லை.

2004இல் காத்தான்குடியில் தரீக்காவினர் தாக்கப்பட்டார்கள். 2017இலும் அங்கே மோதல் நடந்தது. 2004க்குப் பிறகே ஆய்வின் பார்வை பெரிதும் பிணக்குகளின் பக்கம் திரும்பிவிட்டது. கல்முனைக்குடியில் பிறந்த எம். ஏ. நுஃமான் 2007இல் எழுதிய இலங்கை முஸ்லிம்களின் அடையாளம் பற்றிய நூலும், பார்ட் க்ளெமின் கட்டுரைகளும் இந்தக் காலத்தைப் புரிந்துகொள்ளத் தேவையானவை. எனினும் அடையாள அரசியல் என்ற ஒற்றைச் சட்டத்துக்குள் இந்தப் பிணக்கு அடங்காது. மறைந்தவரை அழைக்கலாமா, இறைவனைத் தவிர யாரிடமும் கேட்கலாமா என்பது ஈமான் பற்றிய கேள்வி. தரீக்காவை எதிர்க்கும் சீர்திருத்தவாதிகள் அதை உளமார எழுப்புகிறார்கள். தரீக்காவினரும் உளமார விடை சொல்கிறார்கள். இருவர் வாதத்தையும் மார்க்க வாதமாகவே எடுத்து எழுதும் ஆய்வு நமக்கு வேண்டும்.

இன்னொரு குறை ஒலி. யாழ்ப்பாணத்தில் போதித்த பாவா முஹையதீன் 1971இல் பிலடெல்பியா போய், 1986இல் அங்கே மறைந்தார். அவர் தமிழில் பேசியதையும் பாடியதையும் அமெரிக்கச் சீடர்கள் ஆண்டுக்கணக்காக ஒலிநாடாவில் பதிந்து வைத்தார்கள். தமிழ் தெரியாதவர்கள் செய்த வேலை அது. நம் கரையிலோ நிந்தவூர் எஸ். முத்துமீரான் போன்றவர்கள் நாட்டார் பாடல்களைத் தேடித் தொகுத்து அச்சேற்றினார்கள். அச்சில் சொல் நிற்கும், மெட்டு நிற்காது. மௌலூதில் எந்த இடத்தில் சபை எழுந்து நிற்கிறது, எந்த பைத்தை (பாடலடியை) எந்த ஊர் இழுத்து ஓதுகிறது, அறபு எழுத்தைத் தமிழ் நாக்கு எப்படி வளைக்கிறது என்பதெல்லாம் காதால் மட்டுமே கற்கப்படுபவை. மறைந்தவர்களுக்காகக் கத்தம் ஓதும் வீட்டில் பெரியார்களின் பெயரோடு அந்தக் குடும்பத்தின் மூத்தாப்பா, மூத்தம்மா பெயரும் சேர்கிறது. 2004 டிசம்பர் 26இல் கடல் புகுந்த ஊர் மருதமுனை. இங்கே ஒரு கத்தத்தில் சொல்லப்படும் பெயர் வரிசையே ஊர் வரலாறு. அதை ஓலையிலோ கல்லிலோ தேடிப் பயனில்லை.

ஒலுவிலில் தென்கிழக்குப் பல்கலைக்கழகம் இருக்கிறது. அதில் இஸ்லாமியக் கற்கைகளுக்கும் அறபு மொழிக்கும் ஒரு பீடமே உண்டு. அங்கே பயிலும் நம் பிள்ளைகள் தரீக்காவை ஏற்கிறார்களா மறுக்கிறார்களா என்பது இதற்குத் தடையாக வேண்டியதில்லை. ஓதுகிறவரின் சம்மதத்தைக் கேளுங்கள். ஒரு மௌலூதை, ஒரு றாத்தீபைத் தொடக்கம் முதல் நார்சா உணவு பகிரும் வரை முழுதாகப் பதியுங்கள். யார் ஓதினார், யாரிடம் கற்றார், எந்த ஊர், எந்த நாள் என்பதைக் கூடவே எழுதி, பல்கலைக்கழக நூலகத்தில் ஒரு பிரதியும் ஓதியவரின் வீட்டில் ஒரு பிரதியும் கொடுத்துவிடுங்கள்.