பாரிஸ் பட்டியலும் பன்னிரண்டாம் பாகையும்

காரிமங்கலத்தின் அட்சரேகை ஏறக்குறைய வடக்கு 12.3 பாகை. கன்னி ராசியில் உள்ள எம்-87 என்ற காலக்ஸியும் வான நடுவரைக்கு வடக்கே ஏறக்குறைய அதே பாகையில்தான் இருக்கிறது. அதனால் சித்திரை நடுவில், இரவு பத்து மணி கடந்து சிறிது நேரத்தில், அந்தக் காலக்ஸி இவ்வூர்க்காரர்களின் உச்சந்தலைக்கு நேர்மேலே வந்து கடக்கிறது. 2019 ஏப்ரல் 10 அன்று உலகம் முதன்முதலாகப் பார்த்த கருந்துளைப் படம் இதன் மையத்தைக் காட்டியதுதான். சுமார் ஐந்தரைக் கோடி ஒளியாண்டு தொலைவில் இருப்பது, இவ்வூர் அருணேசுவரர் மலைக்கு மேலே செங்குத்தாக நிற்கிறது. ஆனால் வான்நோக்கு நிகழ்ச்சிக்கு வரும் நம் பிள்ளைகளிடம் இதை யாரும் சொல்வதில்லை. "இது மெஸ்ஸியர் பட்டியலில் 87ஆவது" என்பதோடு நிறுத்திவிடுகிறோம்.

தொலைநோக்கி வாங்கும் எவரும் முதலில் கையில் எடுப்பது இந்தப் பட்டியலைத்தான். வானம் படிக்க அதையே பாடத்திட்டமாக வைப்பது உலக வழக்கம். அந்த வழக்கம் நமக்கு எவ்வளவு உதவுகிறது, எங்கே கண்ணை மறைக்கிறது என்பதை நிறுத்துப் பார்க்க வேண்டும்.

சார்ல் மெஸ்ஸியர் வால் நட்சத்திரம் தேடியவர். 1758இல் ரிஷப ராசியில் ஒரு மங்கல் திட்டைப் பார்த்தார். அது நகரவில்லை, எனவே வால் நட்சத்திரம் அல்ல. இப்படி ஏமாற்றும் திட்டுகளைக் குறித்துவைத்தால் தேடுகிறவர்களின் நேரம் வீணாகாது என்று எழுதத் தொடங்கியதே இந்தப் பட்டியல். 1774இல் அச்சானபோது 45 பொருள்கள்; 1781இல் 103. நண்பர் பியர் மெஷேன் கண்டெடுத்துக் கொடுத்தவையும் அதில் உண்டு. பிற்காலத்தவர் சேர்த்ததில் இன்று 110. இவற்றில் 40 காலக்ஸிகள். அந்த நாற்பதில் பதினாறு, கன்னி ராசியின் காலக்ஸிக் கூட்டமான கன்னிக் கொத்தைச் சேர்ந்தவை.

முதலில் நிறைகள். இந்தப் பட்டியலுக்கு ஒரு முடிவு உண்டு. 1888இல் டிரேயர் வெளியிட்ட புதிய பொதுப் பட்டியலில் 7,840 பொருள்கள். தொடக்கநிலையாளர் அதைப் பார்த்தால் மலைத்துப்போவார். மெஸ்ஸியரின் 110ஐ ஓராண்டில் பார்த்து முடிக்கலாம். அவர் பயன்படுத்தியவை சிறு கருவிகள் என்பதால், இன்று ஆறு அங்குலத் தொலைநோக்கி வைத்திருக்கும் அரசுப் பள்ளிக்கும் அவை எட்டும்.

இரண்டாவது நிறை, கண்ணுக்குக் கிடைக்கும் பயிற்சி. காரிமங்கலத்தை அடுத்த ஒரு தென்னந்தோப்பு ஓரத்தில் எம்-87ஐக் காட்டியபோது எட்டாம் வகுப்பு மாணவி ஒருத்தி முதலில் "ஒண்ணுமே தெரியல சார்" என்றாள். நேராகப் பார்க்காமல் சற்று ஓரமாகப் பார்க்கச் சொன்னேன். மங்கிய ஒளியை உணரும் செல்கள் விழித்திரையின் நடுவில் இல்லை, சுற்றிலும்தான் இருக்கின்றன. அவை இருட்டுக்கு முழுதாகப் பழக அரைமணி நேரம் வேண்டும். சிறிது நேரம் கழித்து மெதுவாகச் சொன்னாள்: "போர்டுல டஸ்டர் வெச்சுத் தொடச்ச தடம் மாதிரி இருக்கு சார்." எனக்கு உடல் சிலிர்த்தது. மெஸ்ஸியர் கண்டதும் அவ்வளவுதான்.

மூன்றாவது, அவருடைய நேர்மை. அந்தத் திட்டு என்னவென்று அவருக்குத் தெரியாது. தெரிந்ததாகக் காட்டிக்கொள்ளவும் இல்லை. எங்கே இருக்கிறது, எப்படித் தெரிகிறது என்று மட்டும் எழுதினார். 1781 மார்ச் 18 இரவில் எம்-84 முதல் எம்-91 வரை எட்டைக் குறித்தார். கன்னியில் இத்தகைய திட்டுகள் மிகுந்திருப்பதையும் பதிவுசெய்தார். இன்று நாம் கன்னிக் கொத்து என்று அழைப்பதன் முதல் அடையாளம் அது. அவர் இடம் குறித்த எம்-51இல் 1845இல் ராஸ் பிரபு சுருள் வடிவம் கண்டார். எம்-31இல் 1923இல் ஹபிள் கண்ட ஒரு மாறொளி விண்மீன், அது நம் பால்வழிக்கு வெளியே தனியொரு காலக்ஸி என்று காட்டிக்கொடுத்தது. கண்டதைக் கண்டபடி எழுதிவைத்தால் அது பின்னால் வருபவருக்குப் பயன்படும் என்பதற்கு இதைவிட நல்ல பாடம் கிடைக்காது.

இனிக் குறைகள். வகை பிரிக்காத பட்டியல் இது. எம்-31 சுமார் 25 லட்சம் ஒளியாண்டு தொலைவிலுள்ள காலக்ஸி. எம்-40 வெறும் இரண்டு விண்மீன்கள். எண்ணை மனப்பாடம் செய்த பிள்ளைக்குத் தொலைவும் தெரியாது, தன்மையும் தெரியாது. பிழைகளும் உண்டு. எம்-91ஐ எம்-89இலிருந்து அளந்ததாக அவர் எழுதிவைத்த இடத்தில் எதுவும் இல்லை. உண்மையில் அளந்தது எம்-58இலிருந்து என்று 1969இல் ஓர் அமெரிக்க ஆர்வலர் கணக்கிட்டுக் காட்டும்வரை அந்தக் காலக்ஸி காணாமல் போனதாகவே இருந்தது. இந்தக் குறைகளை ஒரு நல்ல ஆசிரியர் பத்து நிமிடத்தில் சரிசெய்துவிடலாம்.

இரண்டாவது குறை, பட்டியலைப் பந்தயமாக்கியது. மார்ச் கடைசியில் ஒரே இரவில் 110ஐயும் பார்க்கும் மாரத்தான் உலகெங்கும் நடக்கிறது. அதனால் உற்சாகம் வருகிறது, வானத்தின் வரைபடம் மனத்தில் பதிகிறது, மறுப்பதற்கில்லை. ஆனால் பத்து மணி நேர இருட்டை 110 பங்கு வைத்தால் ஒன்றுக்கு ஐந்தரை நிமிடம்கூட வராது. தேடும் நேரமும் அதற்குள்தான். அந்த மாணவிக்கு டஸ்டர் தடம் தெரிய அதைவிட அதிக நேரம் ஆயிற்று. கணக்கில் ஒன்று கூடும். கண் எதையும் கற்றிருக்காது.

மூன்றாவதுதான் நம்மை நேராகப் பாதிப்பது. மெஸ்ஸியர் வானம் பார்த்த பாரிஸ் 49ஆம் பாகையை ஒட்டிய ஊர். அங்கே எம்-83 என்ற காலக்ஸி அடிவானத்திலிருந்து சுமார் 11 பாகைதான் எழும்; நமக்கு 48 பாகை. சென்டாரஸ்-ஏ பாரிசுக்குத் தெரிவதே இல்லை. காரிமங்கலத்தில் தெற்கே 35 பாகை உயரத்தில் நிற்கும். வானின் பிரகாசமான காலக்ஸிகளில் ஒன்றான அதற்கு மெஸ்ஸியர் எண் கிடையாது. சிற்பி விண்மீன் குழுவிலுள்ள என்.ஜி.சி. 253க்கும் கிடையாது, கரோலின் ஹெர்ஷல் அதைக் கண்டது 1783இல், பட்டியல் வெளியான பிறகு. பட்டியலில் இல்லாததால் நாமும் காட்டுவதில்லை. பாரிசின் அடிவானத்தை நம் பிள்ளைகளுக்கு எல்லையாக வைத்திருக்கிறோம்.

தாழ்ந்த அட்சரேகையின் அருமையை உணர்ந்து கட்டிய இடம் இங்கிருந்து வெகுதூரத்தில் இல்லை. ஜவ்வாது மலையின் காவலூர் வானாய்வகம், வடகிழக்கே நேர்க்கோட்டில் சுமார் 70 கிலோமீட்டர். 1968இல் 38 செ.மீ. தொலைநோக்கியோடு தொடங்கி, 1986இல் 2.34 மீட்டர் தொலைநோக்கி பெற்ற அந்த மலையிலிருந்து வடவானத்தோடு தென்வானத்தின் பெரும்பகுதியும் தெரியும். அதை அமைத்த வைணு பாப்புவும் மெஸ்ஸியரைப்போல் வால் நட்சத்திரம் கண்டவர். 1949இல் அமெரிக்காவில் அவர் கண்டதற்கு அவர் பெயரும் சேர்த்துச் சூட்டப்பட்டது. அப்படிப்பட்டவர் தன் ஆய்வகத்துக்கு இந்த மலையைத் தேர்ந்திருக்கும்போது, இதே வானத்தின் கீழ் வாழும் நாம் பாரிஸ் வரிசையைத் தூக்கிக்கொண்டு அலைவது தகாது.

பட்டியலைத் தூக்கி எறியச் சொல்லவில்லை. வரிசையை நம் ஊர் வைக்கட்டும் என்கிறேன். தொடக்கம் உச்சியிலிருந்து இருக்கட்டும். பங்குனி உத்திரத்தன்று முழுநிலா கன்னி வட்டாரத்திலேயே நிற்கும், எதுவும் தெரியாது. இரண்டு வாரம் பொறுத்து, அமாவாசையை ஒட்டி, நெடுஞ்சாலை விளக்கு எட்டாத வயல்வெளிக்குப் போக வேண்டும். உத்திர நட்சத்திரத்திலிருந்து கிழக்கே விண்டெமியாட்ரிக்ஸ் என்ற விண்மீன் வரை ஒரு கோடு போட்டால் அதன் நடுப்பகுதியில் கன்னிக் கொத்து. டாப்சோனியன் தொலைநோக்கி செங்குத்தாக நிமிர்ந்துவிட்டால் திருப்புவது கடினம். எனவே உச்சிக்கு வருவதற்கு ஒரு மணி நேரம் முன்பே தொடங்குவது நல்லது. ஓர் இரவுக்கு ஐந்து காலக்ஸி போதும். ஒவ்வொன்றையும் நோட்டில் பென்சிலால் வரையட்டும். கடைசியில் குழாயைத் தெற்கே தாழ்த்தி, எண் இல்லாத சென்டாரஸ்-ஏயைக் காட்டுங்கள்.

அன்று அந்த மாணவி பென்சிலால் ஒரு வட்டம் போட்டு, உள்ளே விரலால் தேய்த்து ஒரு மங்கல் வைத்தாள். பக்கத்தில் நாள், நேரம், ஊர்ப்பெயர். என்ன எண் என்று எழுத மறந்துவிட்டாள். நானும் நினைவூட்டவில்லை.