தொலைநோக்கியின் மறுமுனை

'வயது வந்தோருக்கு மட்டும்' என்னும் முத்திரை பெறும் படங்கள் பலவும் உடலை முதலில் காட்டிவிட்டு, அதற்கொரு கதையைத் தேடுகின்றன. போலந்து இயக்குநர் கீஸ்லோவ்ஸ்கியின் 'காதலைப் பற்றிய ஒரு குறும்படம்' (1988) அத்தகையதன்று. பத்துக் கட்டளைகளை அடியொற்றி அவர் தொலைக்காட்சிக்காக எடுத்த 'டெக்கலாக்' வரிசையின் ஆறாம் கதையே, 'மோக பாவம் செய்யாதிருப்பாயாக' என்பதே, இங்கு விரிவு பெற்றுள்ளது.

அஞ்சலக ஊழியனான 19 வயது டோமெக், எதிர்க்குடியிருப்பில் வாழும் மக்தாவைத் தொலைநோக்கி வழியாக ஒளிந்து பார்க்கிறான். முற்பாதியில் நாமும் அவன் கண்கொண்டே பார்க்கிறோம். அக்குற்றத்தில் நமக்கும் பங்குண்டு. அவள் அவனது அன்பை எள்ளி நகையாட, அவமானம் தாளாது அவன் சாவைத் தேடிய பின், பார்வை அவளுடையதாகிறது. இத்திருப்பத்தில்தான் படத்தின் உயிர் இருக்கிறது.

தொலைக்காட்சி வடிவில், மீண்டுவந்த டோமெக் இனி ஒளிந்து பார்ப்பதில்லை என்று மட்டும் சொல்கிறான். திரைப்படத்திலோ, மக்தா அதே தொலைநோக்கியில் கண் பதித்து, கொட்டிய பாலின் முன்னே அழுத தன்னையே காண்கிறாள். முன்னது வாழ்க்கைக்கு நெருக்கமானது. பின்னது சற்றே இனிப்பானது. 1995இல் வத்திக்கான் வெளியிட்ட 45 படங்களின் பட்டியலில் 'டெக்கலாக்' இடம்பெற்றபோது, இந்த ஆறாம் கதை விலக்கப்படவில்லை.