யவனரும் சோனகரும்: கருக்காக்குறிச்சிப் பொற்காசுகளை முன்வைத்து ஒரு திறனாய்வு

நம்மவர் வெளியிடும் மாநாட்டு மலர்களிலும் ஊர் வரலாற்று நூல்களிலும் முதல் அத்தியாயம் பெரும்பாலும் ஒரே வாய்பாட்டில் அமைந்துவிடுகிறது. சங்க நூல்கள் யவனரைப் பேசுகின்றன. உரையாசிரியர்கள் யவனர் என்பதற்குச் சோனகர் என்று பொருள் எழுதினர். சோனகர் என்போர் நாமே. ஆகவே சங்க காலத் துறைமுகங்களில் வணிகம் செய்தோர் அரபுகளே என்பது அவ்வாய்பாடு. இதற்கு அணிசேர்க்கப் புதுக்கோட்டை மாவட்டத்துக் கருக்காக்குறிச்சியில் கிடைத்த பொற்காசுகளையும் சிலர் சான்றாக நிறுத்துகின்றனர். அந்நியர் எனும் பழிச்சொல்லைக் கேட்டுக் கேட்டுச் சலித்த ஒரு சமுதாயம் தன் தொன்மையை நிலைநாட்ட விழைவது இயல்பே. அந்த விழைவில் நமக்குக் குறை காண ஏதுமில்லை. காட்டப்படும் சான்று அதைத் தாங்குமா என்பதையே இங்கு நோக்குகிறோம்.

முதலில் காசுகளைப் பார்ப்போம். ஆலங்குடிப் பகுதியில் உள்ள கருக்காக்குறிச்சி, 1898ஆம் ஆண்டில் புதுக்கோட்டை சமஸ்தானத்தைச் சேர்ந்த சிற்றூர். அங்கு மண்ணிலிருந்து 501 ரோமானியப் பொற்காசுகள் வெளிப்பட்டன. மூன்றரைக் கிலோவுக்கு மேற்பட்ட பொன் ஒரே இடத்தில் புதைந்து கிடந்தது எனில், அது ஓர் எளிய குடும்பத்தின் சேமிப்பாக இருந்திருக்க முடியாது. பிரித்தானிய அருங்காட்சியகத்தின் நாணயவியல் அறிஞர் ஜி. எஃப். ஹில் அவற்றை ஆராய்ந்து அவ்வாண்டிலேயே எழுதினார். அகஸ்டஸ் முதல் வெஸ்பாசியன் வரையிலான பேரரசர்களின் காசுகள் அவை. வெஸ்பாசியன் ஆண்டது கி.பி. 69 முதல் 79 வரை. ஆதலால் அப்புதையல் மண்ணுக்குள் சென்றது அதற்குப் பிற்பட்ட காலத்தில்தான்.

காசுகளில் உள்ள எழுத்து இலத்தீன். உருவம் ரோமப் பேரரசருடையது. அவற்றைக் கப்பலேற்றிக் கொணர்ந்தோரோ பெரும்பாலும் அலெக்சாந்திரியாவைச் சார்ந்த, கிரேக்கம் பேசிய வணிகர்கள். முசிறியிலிருந்து ஹெர்மபோலன் எனும் கப்பலில் சென்ற சரக்கைப் பற்றிய இரண்டாம் நூற்றாண்டு ஒப்பந்த ஏடு எகிப்திலிருந்து கிடைத்து, 1985இல் பதிப்பிக்கப்பெற்றது. அதன் மொழி கிரேக்கம். அரிக்கமேட்டில் 1945இல் மார்டிமர் வீலர் அகழ்ந்தெடுத்த இத்தாலிய மட்கலங்களும் மதுச்சாடிகளும் அதே திசையைத்தான் சுட்டுகின்றன. யவனர் நறுமண மதுவைக் கொணர்ந்தனர், பொன்னைத் தந்து மிளகைப் பெற்றனர் என்று சங்கப் புலவர்கள் பாடியதும் மண்ணிலிருந்து வெளிப்பட்டதும் இங்கே நன்கு பொருந்துகின்றன.

இக்காசுகளில் ஒரு விந்தை உண்டு. அவற்றுள் பெரும்பாலானவற்றில் பேரரசரின் தலைமீது உளியால் வெட்டிய தழும்பு காணப்படுகிறது. உருவத்தை வெறுத்த அரபு வணிகரே அவ்வாறு வெட்டினர் என்று எவரேனும் எழுதிவிடலாம் என்பதால் இங்கு சற்று நிற்க வேண்டியுள்ளது. நபி (ஸல்) அவர்கள் பிறந்தது கி.பி. 570ஐ ஒட்டி. இக்காசுகளுக்கும் இஸ்லாத்திற்கும் இடையே ஏறத்தாழ ஐந்து நூற்றாண்டுகள் உள்ளன. அக்கால அரபுகளுள் மிகப் பலர் சிலை வணங்கிகள். அதுவுமன்றி, இஸ்லாம் வந்த பின்னரும் பைசாந்தியப் பேரரசரின் உருவம் பொறித்த தீனார்கள் அரபு நாட்டில் தடையின்றிப் புழங்கின. கலீஃபா அப்துல் மலிக் ஹிஜ்ரி 77இல்தான் உருவமற்ற, எழுத்து மட்டுமே கொண்ட தீனாரை வெளியிட்டார். அதற்கு முன் எவரும் உளியைத் தூக்கிக்கொண்டு காசுகளின் பின்னே ஓடவில்லை.

தேய்ந்துபோன காசுகள் நாணயமாகச் செல்லாதபடி செய்து, வெறும் பொன்னாகக் கொள்வதற்கே அவ்வெட்டு என்பது ஹில்லின் கருத்து. உள்ளே மட்டமான உலோகம் இருக்கிறதா எனச் சோதிக்க வெட்டினர் என்போரும் உளர். சோதிப்பதே நோக்கமெனில் விளிம்பில் ஒரு கீறல் போதுமே, தலையைத் தேடி வெட்டுவானேன் என்பதால் ஹில்லின் கருத்தே நமக்கு ஏற்புடையதாகத் தோன்றுகிறது. பொன் வேண்டும், பிற நாட்டு மன்னனின் முத்திரைக்கு இங்கு மதிப்பு வேண்டாம் என்று இந்நிலத்தில் அதிகாரமுடைய யாரோ முடிவு செய்திருக்கிறார்கள்.

இனி உரையாசிரியர் சான்றுக்கு வருவோம். முல்லைப்பாட்டில் வரும் யவனருக்கு நச்சினார்க்கினியர் சோனகர் என்றே பொருள் தருகிறார். ஐயமில்லை. ஆனால் அவர் பதினான்காம் நூற்றாண்டை ஒட்டி வாழ்ந்தவர். பாட்டோ அவருக்கு ஆயிரம் ஆண்டுகளுக்கு மேல் முற்பட்டது. ஓர் அறிவிப்பாளர் தாம் காணாத ஒருவரைப் பற்றி, இடையில் வந்தோரைக் கூறாமல் அறிவித்தால், ஹதீஸ் கலையில் அதனை முன்கதிஃ, அறுபட்ட தொடர் என்று ஒதுக்குகிறோம். வுளூவின் ஒரு சிறு சுன்னத்திற்கே அத்துணைக் கண்டிப்புக் காட்டும் நாம், ஒரு சமுதாயத்தின் பிறப்பைக் கூறும் செய்தியில் அக்கண்டிப்பைக் கைவிடலாமா? நச்சினார்க்கினியரின் சொல் அவருடைய காலத்திற்குச் சிறந்த சான்று. அவர் நாளில் மேற்றிசைக் கடலிலிருந்து வந்தோர் சோனகர் எனப்பட்டனர். பழைய சொல்லுக்குத் தம் காலத்து மக்கள் அறிந்த சொல்லால் அவர் விளக்கம் தந்தார். அவ்வளவே.

யவனர் என்பது அயோனியா எனும் கிரேக்க நிலப்பெயரிலிருந்து பிறந்தது. பாரசீகத்தில் யௌன, அரபியில் யூனான், பாலியில் யோனக என்று அது உருமாறியது. சோனகர் என்பதும் அவ்வழி வந்ததே என்பர் மொழியறிஞர். சொல் ஒன்றாயிருப்பதால் சுட்டப்படுவோரும் ஒரே மக்களாகிவிட மாட்டார்கள். ரூம் என்பதை எண்ணிப் பாருங்கள். முதலில் ரோமரையும், பின்பு பைசாந்தியரையும், அதன் பின் அவர்கள் ஆண்ட அனத்தோலியா நிலத்தையும் அச்சொல் குறித்தது. அந்நிலத்தில் வாழ்ந்தமையால்தான் பல்கு நாட்டவரான மௌலானா ஜலாலுத்தீன், ரூமி ஆனார். அவரை ரோமர் என்று எவரேனும் கூறுவரா? தீனாரும் திர்ஹமும் இத்தகைய பயணிகளே. முன்னது இலத்தீனிலிருந்தும் பின்னது கிரேக்கத்திலிருந்தும் வந்தவை. இரண்டும் திருக்குர்ஆனில் ஆலு இம்ரான், யூசுஃப் அத்தியாயங்களில் இடம்பெறுகின்றன.

எதிர்த்தரப்பின் வலுவான வாதத்தையும் கூறியாக வேண்டும். கப்பல் கிரேக்கருடையதாயினும், அதைச் செலுத்தியோருள் அரபுகளும் இருந்திருப்பர் அல்லரோ, தமிழர் கண்ணுக்கு அனைவரும் யவனராகவே தோன்றியிருப்பர் அல்லரோ என்பது அது. இதைப் புறந்தள்ள இயலாது. முதல் நூற்றாண்டைச் சேர்ந்த எரித்ரையக் கடல் பெரிப்ளஸ் எனும் கிரேக்க நூல், யமன் கரையின் மூசா துறைமுகம் அரபுக் கப்பலுடையோரும் மாலுமிகளும் நிறைந்தது என்றும், அவர்கள் குசராத்தின் பரிகாசா வரை வணிகம் செய்தனர் என்றும் கூறுகிறது. எனினும் அந்நூலாசிரியர் அவர்களை அரபுகள் என்றே பிரித்துப் பெயரிடுகிறார். இருந்திருப்பர் என்பது ஊகம். அதை அரபுகளே என்று மாற்றி எழுதும்போதுதான் பிழை நேர்கிறது.

இத்தனைக்கும் இந்த ஊகத்தின் துணை நமக்குத் தேவையே இல்லை. ஓமான் நாட்டின் ளுஃபார் கரையில் கோர் ரோரி எனும் இடம் உள்ளது. பண்டை ஹளரமவ்த் அரசின் சாம்பிராணித் துறைமுகமான சும்ஹுரம் அதுவே. அங்கு அகழாய்வு செய்த இத்தாலியக் குழுவினருக்கு 2006இல் ஒரு பானை ஓடு கிடைத்தது. மூடியாகப் பயன்படுத்தப்பட்ட அவ்வோட்டில் தமிழ் பிராமி எழுத்தில் ணந்தைகீரன் என்ற பெயர் உள்ளது. காலம் முதல் நூற்றாண்டு என்பர். கருக்காக்குறிச்சியில் பொன்னைப் புதைத்தவருக்கு ஏறக்குறைய சமகாலத்தவர் இந்தக் கீரன்.

புதுக்கோட்டை மண்ணும் வாய் திறந்துகொண்டுதான் இருக்கிறது. சங்க காலக் கோட்டையான பொற்பனைக்கோட்டையில் 2021இல் தமிழ்நாடு திறந்தநிலைப் பல்கலைக்கழகமும், 2023 முதல் மாநிலத் தொல்லியல் துறையும் அகழ்ந்தன. பொன் அணியின் துண்டும் சூதுபவள மணியும் எலும்பு முனைக் கருவியும் கிடைத்தன. அடுத்த மலரைத் தொகுப்போர் அங்கு ஒருமுறை சென்று வரலாம்.

சோனகரின் தமிழ்நாட்டு வரலாற்றை எழுத முனைவோர், தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டு ஓர் அணிகலனைச் சோனகச் சிடுக்கின் கூடு என்று குறிப்பதிலிருந்து உறுதியாகத் தொடங்கலாம். அதற்கு முற்பட்ட அரபு - தமிழ்த் தொடர்புக்குச் சும்ஹுரத்து ஓடு இருக்கிறது. நாம் பார்த்த மலர்கள் எதிலும் ணந்தைகீரனின் பெயர் இல்லை.