ஒளியின் ஸனத்: பாலு மகேந்திராவின் ஒளிப்பதிவு குறித்து

நபிமொழிக் கலையில் ஒரு செய்தி முன்வைக்கப்படும்போது அறிஞர்கள் எழுப்பும் முதல் வினா, 'இது யாரிடமிருந்து வந்தது?' என்பதாகும். அறிவிப்பாளர் தொடராகிய ஸனத் ஆராயப்பட்ட பின்னரும் பணி முடிந்துவிடுவதில்லை. செய்தியின் வாசகமாகிய மத்ன் தனியே ஆய்வுக்கு உள்ளாகிறது. ஸனத் சீராக அமைந்த காரணத்தால் மட்டும் மத்ன் குறையற்றது என்று முடிவு கட்டுவது அக்கலையின் மரபன்று. ஒளிப்பதிவாளர் பாலு மகேந்திராவின் (1939–2014) கலைவாழ்வை எடைபோடுவதற்கு இவ்விரு அளவுகோல்களும் பெரிதும் உதவுகின்றன.

மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் பிறந்தவர் அவர். டேவிட் லீன் 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் க்வாய்' (1957) படத்தை இலங்கையில் எடுத்தபோது அப்படப்பிடிப்பைக் காணும் வாய்ப்பு பள்ளிச் சிறுவனாக இருந்த அவருக்குக் கிட்டியது. திரைப்படத்தின்மீதான நாட்டம் அங்கே தொடங்கிற்று. புனே திரைப்படக் கல்லூரியில் 1969இல் ஒளிப்பதிவுப் பயிற்சியை நிறைவு செய்தார். ராமு காரியட் இயக்கிய 'நெல்லு' (1974) என்னும் மலையாளப் படத்தின் வாயிலாக ஒளிப்பதிவாளராக அறிமுகமானார். தாமே இயக்கிய 'கோகிலா' (1977) என்னும் கன்னடப் படத்திற்கும், 'மூன்றாம் பிறை'க்கும் (1982) ஒளிப்பதிவுக்கான தேசிய விருதுகளைப் பெற்றார். இடையே மகேந்திரனின் 'முள்ளும் மலரும்' (1978) அவருடைய ஒளிப்பதிவில் வெளிவந்தது.

அவருக்கு முந்தைய ஸ்டூடியோப் படங்களில், நள்ளிரவில் குடிசைக்குள் அமர்ந்திருப்பவரின் முகத்திலும் பட்டப்பகல் வெளிச்சம் படிந்திருக்கும். அவ்வெளிச்சம் எங்கிருந்து வந்தது என்று எவரும் கேட்டதில்லை. பாலு மகேந்திரா அதைக் கேட்டார். ஜன்னல், கதவு, விளக்கு, வானம் என அந்த இடத்திற்கே உரிய ஒரு மூலத்திலிருந்து ஒளி வரவேண்டும்; அம்மூலம் இருக்கும் திசையிலிருந்தே முகத்தில் விழவேண்டும்; எஞ்சிய பகுதி நிழலாக இருப்பதில் குற்றமில்லை. இவற்றை அவர் கடைப்பிடித்தார். வங்காளத்தில் சுப்ரதா மித்ரா 'அபராஜிதோ' (1956) படத்திற்காக, அரங்கினுள் அமைத்த காசி வீட்டு முற்றத்தில் வெள்ளைத் துணியின் வழியே ஒளியைத் திருப்பி, வானின் மென்மையான வெளிச்சத்தைக் கொணர்ந்தார். அந்நோக்கைத் தமிழ்த் திரையில் வேரூன்றச் செய்தவர்களுள் பாலு மகேந்திரா முதன்மையானவர். ஸனத் ஆய்வின் கண்டிப்பை ஒளிக்கு அவர் பொருத்திக் காட்டினார் எனலாம்.

மத்ன் குறித்த வினா இனி எழுகிறது. மேட்டுப்பாளையத்திலிருந்து உதகைக்கு மலை ரயிலில் செல்லும் நம் வட்டாரத்தார் அறிந்த கேத்தி நிலையத்தில்தான் 'மூன்றாம் பிறை'யின் இறுதிக் காட்சி படமாயிற்று. மழையின் மங்கிய வெளிச்சத்தில், நினைவு மீண்ட பெண் தன்னைக் காத்தவனைப் பித்தனென்று எண்ணி அகல்கிறாள். அக்காட்சியில் ஒளியும் கருத்தும் ஒன்றையொன்று தாங்கி நிற்கின்றன. ஆயினும் அதே படத்தில், கதை வேண்டாத ஓர் ஆடற்காட்சியும் அதே நேர்த்தியுடன் ஒளியூட்டப்பட்டிருக்கிறது. 'நீங்கள் கேட்டவை' (1984) என்னும் தலைப்போ, பொறுப்பைப் பார்வையாளர்மீது சுமத்திவிட்டு நகர்கிறது. மக்கள் கேட்டனர் என்பது கலைஞனுக்குப் போதிய சமாதானம் ஆகாது. ஒளியின் மூலத்தை அத்துணைக் கண்டிப்புடன் வினவியவர், காட்சியின் தேவையையும் அவ்வாறே வினவியிருக்க வேண்டும் என்பதே நமது குறை.

இக்குறையை அவரே 'வீடு' (1988) படத்தில் நிவர்த்தி செய்தார். பாடல்களும் அடிதடியும் இல்லாத படம் அது. எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு ஆகிய நான்கும் அவருடையவை. வாடகை வீட்டைக் காலி செய்யவேண்டிய நிலையிலுள்ள சுதா என்னும் பணிபுரியும் பெண், கடன் பெற்றுச் சிறு மனையில் வீடு கட்ட முனைகிறாள். ஒப்பந்தக்காரரின் களவு, அலுவலகங்களின் அலைக்கழிப்பு ஆகியவற்றைக் கடந்து சுவர்கள் எழும்பியபின், அந்நிலம் குடிநீர் வாரியத்தால் முன்னரே எடுத்துக்கொள்ளப்பட்டது என்ற செய்தி அவளை வந்தடைகிறது. சொக்கலிங்க பாகவதர் ஏற்ற முதிய பாட்டனார், முற்றுப்பெறாத அவ்வீட்டைத் தனியே காணவரும் காட்சியைக் கவனிக்க வேண்டும். அவர் சுவரைத் தொட்டு மகிழும்போது அங்கே விழும் பகல் வெளிச்சம் அவரைப் பெருமைப்படுத்தவோ அழவைக்கவோ முயலவில்லை. எளியவர் ஒருவரின் மகிழ்ச்சியைக் கூட்டாமலும் குறைக்காமலும் நமக்கு அறிவிக்கிறது. நேர்மையான அறிவிப்பாளரிடம் நாம் எதிர்பார்ப்பதும் அதுவேயன்றோ! பின்வந்த 'சந்தியா ராகம்' (1989) கருப்பு வெள்ளையில் இதே நேர்மையைத் தொடர்ந்தது. தாமே தாத்தாவாக நடித்த 'தலைமுறைகள்' (2013) அவருடைய இறுதிப் படமாயிற்று. அது தேசிய ஒருமைப்பாட்டுக்கான நர்கிஸ் தத் விருதைப் பெற்றது.

தம் படங்கள் சிலவற்றின் மூல நெகடிவ்கள் அழிந்துபோனதைக் குறித்து அவர் இறுதிக் காலத்தில் பெரிதும் வருந்தினார். தமிழ்நாட்டிற்குத் திரைப்பட ஆவணக் காப்பகம் ஒன்று தேவை என்று இடைவிடாது வலியுறுத்தினார். செல்லரித்த அரபுத்தமிழ்ச் சுவடிகளைக் கையிலேந்தி வருந்தியோர்க்கு இவ்வேதனை புதிதன்று. சுவடி அழிந்தாலும் அதன் சொற்கள் வேறொரு பிரதியில் முழுமையாக எஞ்சக்கூடும். ஒளிப்பதிவுக்கு அந்த ஆறுதல் இல்லை. மங்கிய நகலில் கதை மிஞ்சும். ஜன்னல் வழியே வந்த ஒளியின் அளவும் நிழலின் ஆழமும் மிஞ்சுவதில்லை. எஞ்சியுள்ள பிரதிகளையேனும் தேடித் தொகுத்துப் பாதுகாப்பது, அவரைப் போற்றுவோர் முதலில் செய்யவேண்டிய பணியாகும்.