இரண்டு கால்விரல்கள்

விரிவுரையாளனாக இருந்த காலத்தில் ஆர்தர் பென்னின் ‘பொனி அன்ட் கிளைட்’ (1967) திரைப்படத்தை மாணவர்களிடம் வியந்து பேசியிருக்கிறேன். ஒடுக்கப்பட்டவனின் கலகம் என்றே அதற்கு விளக்கம் சொன்னேன். அண்மையில் இரவு வேலை முடிந்துவந்த ஒரு காலையில் மீண்டும் பார்த்தேன். அந்த வாசிப்பைத் திரும்பப் பெற வேண்டியிருக்கிறது.

மக்களின் கோபம் பொய்யல்ல. 1930க்கும் 1933க்கும் இடையில் அமெரிக்காவில் சுமார் 9,000 வங்கிகள் முறிந்தன. சேமிப்பும் போனது, கடனுக்கு நிலமும் போனது. வங்கி பறித்த தன் வீட்டின் முன் விவசாயி துப்பாக்கியை வாங்கிச் சுடும் காட்சி இந்தக் கோபத்தையே பேசுகிறது. ஆனால் கிளைட் பரோவின் கும்பல் பெரும்பாலும் கொள்ளையிட்டது சிறு கடைகளையும் பெற்றோல் நிலையங்களையும்தான். அவர்கள் கொன்றவர்களில் அதிகமானோர் சாதாரண பொலிஸ்காரர்கள். கடைக்காரர்களும் உண்டு. வங்கி முதலாளி ஒருவர்கூட இல்லை.

பின் எப்படி நாயகர்களானார்கள்? 1933 ஏப்ரலில் ஜொப்ளின் நகரில் இரு பொலிசாரைக் கொன்றுவிட்டு ஓடிய வீட்டில் அவர்களது படச்சுருள்கள் அகப்பட்டன. வாயில் சுருட்டும் கையில் துப்பாக்கியுமாகப் பொனி பார்க்கர் நின்ற படம் பத்திரிகைகளில் வந்தது. விளையாட்டுக்கு எடுத்த படம் வரலாறாயிற்று. 1934 மே 23இல் லூசியானாவில் இருவரும் சுடப்பட்டபோது, திரண்ட கூட்டம் ஞாபகார்த்தமாக அவர்களின் தலைமயிரையும் உடுப்பையும் வெட்டியெடுத்தது. பென்னின் கமராவோ அந்தச் சாவை மெதுவாக ஓடவிட்டு அழகாக்குகிறது.

படம் வந்தபோது விமர்சகர் பொஸ்லி குரௌதர் அதன் வன்முறைக்காகத் தாக்கினார். என் ஆட்சேபம் வேறு. 1932இல் ஈஸ்ற்ஹாம் சிறைப்பண்ணையில், வயல்வேலையிலிருந்து தப்புவதற்காகக் கிளைட்டின் கால்விரல்கள் இரண்டு வெட்டப்பட்டன. வெட்டியது அவனோ சககைதியோ, வெட்டுவித்தது அந்த வேலைதான். சில நாட்களில் விடுதலையும் வந்தது. படத்தில் இது ஒரு வேடிக்கைப் பேச்சாகக் கழிந்துவிடுகிறது. வகுப்பறையில் நானும் அப்படித்தான் கடந்துபோனேன். இன்று இயந்திரத்தின் முன் இரவு முழுவதும் நின்ற கால்களோடு அதைக் கடக்க முடியவில்லை.

அந்தப் பண்ணையின் கொடுமை அவன் செய்த கொலைகளை நியாயமாக்காது. அவன் செய்த கொலைகள் அந்தப் பண்ணையையும் நியாயமாக்காது. நாயகனைத் தேடும் கண்ணுக்கு இவ்விரண்டும் ஒருசேரத் தெரிவதில்லை. துப்பாக்கியேந்திய படங்களைச் சுவர்களில் பார்த்துவந்த நமக்கு இது அந்நிய விடயமல்ல.

அன்று நான் சொன்னதைக் குறிப்பெடுத்த மாணவர் எவரேனும் இவ்விதழை வாசிக்க நேர்ந்தால், இந்தத் திருத்தத்தையும் குறித்துக்கொள்ளட்டும்.